திறப்பதற்கு இன்னொரு சொல்

என் மகள் எம்.ஏ. முடித்துவிட்டு முதலில் சேர்ந்த வேலையை எங்கள் தெருவில் யாருக்கும் சொல்லிப் புரியவைக்க முடியவில்லை. பேங்க் என்றால் புரியும். டீச்சர் என்றால் புரியும். பூட்டிக் கிடக்கும் செல்போனைத் திறக்கும் சாஃப்ட்வேரைப் பற்றி யாரோ இங்கிலீஷில் எழுதிவைத்த பக்கத்தை எடுத்து, அதே விஷயத்தை வேறு சொற்கள் போட்டு மாற்றி எழுதுவது என்று சொன்னால், கேட்டவர்கள் மரியாதைக்குத் தலையாட்டிவிட்டுக் கல்யாணப் பேச்சுக்குப் போய்விடுவார்கள். பக்கத்து வீட்டு அம்மாள் மட்டும் நேராகக் கேட்டாள்.

"அது காப்பியடிக்கது இல்லியா?"

"காப்பியடிச்சது தெரியாம இருக்கதுக்கு மாத்தி எழுதுகது" என்று என் மனைவி விளக்கம் கொடுத்தாள். மகள் உள்ளறையிலிருந்து கேட்டுச் சிரித்தாள்.

இரண்டாயிரங்களின் பின்பாதி அது. கரமனையில் ஆற்றுக்குப் போகும் இறக்கத்தில் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். நானும் மனைவியும் எல்லைக்கு அப்பால், தமிழ் பேசும் களியக்காவிளைப் பக்கத்துக்காரர்கள். எனக்கு இங்கே சர்க்கார் ஆபீஸில் வேலை. வீட்டுக்குள் எங்கள் ஊர்த் தமிழ். மகளுக்குப் பள்ளிக்கூடமும் சிநேகிதமும் சண்டையும் எல்லாம் மலையாளத்தில். இங்கிலீஷ் அவள் படித்துத் தேடிக்கொண்டது. ஒரு பேச்சில் மூன்றும் வரும். நாங்கள் யாரும் அதைக் கவனித்தது கிடையாது. கவனிக்கவேண்டிய காலம் வருமென்று தெரியாது.

அவளுடைய ஆபீஸ் ஒரு ஜவுளிக்கடைக்கு மேலே இரண்டு அறைகள். வெளிநாட்டில் யாரோ அந்த சாஃப்ட்வேரை விற்கிறான். அதைப் பற்றிய ஒரே பக்கம் பல வெப்சைட்டுகளில் பல மாதிரியாக இருக்கவேண்டும் என்பது அவனுடைய தேவை. மாற்றி எழுதியதை ஒரு புரோகிராமில் போட்டுப் பார்ப்பார்களாம். மூலத்தில் உள்ள சொற்கள் அதே வரிசையில் வந்தால் அந்த இடம் சிவப்பாகிவிடும். சிவப்பு இல்லையென்றால் பாஸ். மாற்றிய சொல் சரியா, அழகா என்று கேட்க ஆளில்லை. வேறாக இருந்தால் போதும்.

மிஞ்சிய வேலையைத் தாள்களில் அச்செடுத்து வீட்டுக்குக் கொண்டுவருவாள். சாயங்காலம் காப்பி குடித்தபின் அதுதான் எங்கள் பொழுதுபோக்கு. டிவியைக்கூட வைக்கமாட்டோம். ஹாலில் தரையில் சுவரில் சாய்ந்து அவள் உட்காருவாள். நான் நாற்காலியில். மனைவி அடுக்களையில், கதவு திறந்திருக்கும். மகள் ஒரு வாக்கியம் வாசிப்பாள். முதல் முறை எனக்கு. நான் ஆபீஸில் ஆயுள் முழுக்க நோட்டும் டிராஃப்ட்டும் எழுதியவன். இந்தச் சாதனத்தால் உங்கள் போனை எளிதில் திறக்கலாம் என்று அவள் வாசித்தால், மேற்படி கைபேசியானது பூட்டப்பட்ட நிலைமையிலிருந்து இதனால் விடுவிக்கப்படுகிறது என்று பொருள்வருகிற சர்க்கார் இங்கிலீஷில் நான் ஒன்று சொல்வேன்.

"அப்பா, இது போனாக்கும். சஸ்பென்ஷன்ல இருந்த கிளார்க்க திரும்ப எடுக்குற ஆர்டர் இல்ல."

அப்போது அடுக்களையிலிருந்து மனைவி கேட்பாள். எல்லா நாளும் அதே கேள்வி, அதே சொற்கள்: "அப்படின்னா என்ன மக்களே?"

எங்கள் பக்கத்தில் பெற்ற பிள்ளை ஒன்றாக இருந்தாலும் மக்களே என்றுதான் கூப்பிடுவோம்.

மகள் தமிழில் சொல்வாள். அம்மா அதை வாங்கித் தன் பாணியில் திருப்பிச் சொல்வாள். திறப்பதற்குமுன் போனில் உள்ளவற்றை வேறு இடத்தில் பிரதி எடுத்து வைக்காவிட்டால் அனைத்தும் அழிந்துபோகும் என்று ஓர் எச்சரிக்கை எல்லாப் பக்கத்திலும் கடைசியில் வரும். அதைக் கேட்டுவிட்டு அவள், "வெள்ளையடிக்கதுக்கு முன்ன சாமானத்த வெளிய எடுத்து வை. இல்லன்னா நாசமாப் போவும். அவ்வளவுதானே? இதுக்கா இவ்வளவு பேச்சு" என்றாள். மகள் அதை அப்படியே இங்கிலீஷில் போட்டு எழுதினாள். சிவப்பு வரவே இல்லையாம். அதன்பிறகு எனக்கு மதிப்புக் குறைந்துவிட்டது. "அம்மைக்க வாக்கியம்தான் பாஸாவுது" என்று மகள் சொல்வாள். ஆனாலும் வரிசை மாறாது. முதலில் அவள் வாசிக்கவேண்டும், பிறகு நான் கெடுக்கவேண்டும், பிறகு அடுக்களைக் கேள்வி, பிறகு அவள் பதில். அந்தப் பதிலில்தான் வேலை நடக்கும்.

நான் பயந்த சுபாவம். அவள் பஸ் ஏறினால் ஒரு போன், இறங்கினால் ஒரு போன் வேண்டும். "நடுவுல கண்டக்டர் டிக்கெட் கிழிக்கும்போதும் சொல்லணுமா அப்பா?" என்பாள். சொன்னால் நன்றாக இருக்கும் என்பேன். அவள் சொல்லியும் இருக்கிறாள், கண்டக்டர் டிக்கெட் கிழித்துவிட்டார் என்று, பஸ்ஸிலிருந்து, சிரிப்பை அடக்கிக்கொண்டு.

ஆபீஸில் எல்லோருமாக ஒரு வேன் பிடித்துப் பொன்முடிக்குப் போனார்கள். காலையில் போய் சாயங்காலம் திரும்பிவிடுவோம் என்றாள். விதுரா தாண்டிவிட்டோம் என்று ஒரு போன் வந்தது. அதற்குப்பின் இல்லை. மலையில் டவர் கிடைக்காது என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் கூப்பிட்டேன். வாசல் நடையில் நின்று கூப்பிட்டேன், சாப்பாட்டுத் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்து கூப்பிட்டேன். மனைவி முதலில் கேலி செய்தாள். பிறகு கேலியை நிறுத்திவிட்டு, "மறுபடி அடிச்சுப் பாருங்க" என்றாள்.

மத்தியானத்துக்குமேல் தெரியாத நம்பரிலிருந்து யாரோ மலையாளத்தில் பேசினார். இறங்கிவரும்போது ஒரு கொண்டையூசி வளைவில் வேன் சுவரில் இடித்திருக்கிறது. வேறு யாருக்கும் பெரிய காயம் இல்லை. ஜன்னலோரம் இருந்த பெண்ணுக்குத் தலையில் அடி. விதுரா ஆஸ்பத்திரியில் கட்டுப்போட்டு நகரத்துக்குக் கொண்டுவருகிறார்கள். நிதானமாகச் சொன்னார். நான் அவரிடம் நன்றி சொன்னேனா என்று இன்றுவரை ஞாபகமில்லை.

நகரத்து ஆஸ்பத்திரியில் அவள் கண்விழித்தாள். எங்களை அடையாளம் தெரிந்தது. அம்மாவின் கையைப் பிடித்து நெற்றியில் வைத்துக்கொண்டாள். வலது கை மட்டும் கொஞ்சம் மரத்திருந்தது. நான் சுவரில் சாய்ந்து நின்று கடவுளுக்கு நன்றி சொன்னேன். அப்போது அவள் மேசைமேல் இருந்த தண்ணீரைப் பார்த்து என்னவோ கேட்க வாயைத் திறந்தாள். "த" என்று வந்தது. மறுபடி "த, த" என்று வந்தது. தன் வாயிலிருந்து வந்ததைக் கேட்டு அவளே திகைத்து எங்களைப் பார்த்தாள். அந்தப் பார்வையை எழுத எனக்குத் தெரியவில்லை.

நாம் சொல்வது அவளுக்கு விளங்குகிறது, சொற்களும் போய்விடவில்லை, எடுத்துக்கொடுக்கும் இடத்தில் அடி பட்டிருக்கிறது என்று டாக்டர் சொன்னார். திரும்புமா என்று கேட்டேன். திரும்பலாம், பயிற்சி வேண்டும், முதல் சில மாதங்கள் முக்கியம் என்றார். திரும்பும் என்று அவர் சொல்லவில்லை என்பதை நான் வீடு வரும்வரை நினைத்துக்கொண்டே வந்தேன்.

பேச்சுப் பயிற்சிக்கு ஓர் இளம்பெண்ணிடம் அனுப்பினார்கள். மலையாளி, பொறுமைசாலி. படம் போட்ட அட்டைகளைக் காட்டி என்ன என்று கேட்பாள். வீட்டிலும் தினம் ஒரு மணி நேரம் இதைச் செய்யவேண்டும், செய்யும்போது ஏதாவது ஒரு மொழியில் நில்லுங்கள், கலந்தால் குழம்புவாள் என்று சொல்லி அட்டைகளையும் கொடுத்துவிட்டாள்.

மேலிருந்து ஒரு வரி வந்தால் அதை எல்லாச் செக்‌ஷனுக்கும் சர்க்குலராக அனுப்பிப் பழகிய வீடு எங்களுடையது. ஒரு மணி நேரம் ஒரு மொழி என்றால் நாள்முழுக்க ஒரு மொழி இன்னும் நல்லதுதானே என்று நான் சொன்னேன், மனைவியும் ஆமோதித்தாள். எந்த மொழி என்பதில் எங்களுக்குச் சந்தேகமே வரவில்லை. அவள் படித்தது மலையாளத்தில், சிநேகிதிகள் மலையாளம், அட்டைகள் மலையாளம், நாளைக்கு உலகத்தில் பேசவேண்டியதும் மலையாளம். தமிழ் நாங்கள் இரண்டு பேருக்காக அவள் பேசியது. நம் பாரத்தை அவள்மேல் ஏற்றவேண்டாம் என்று மனைவி சொன்னாள். அவளை விட்டுக்கொடுக்கிற மாதிரி இருந்தது அதைக் கேட்க. ஆனால் சரியென்றும் பட்டது.

அன்றிலிருந்து வீட்டில் தமிழ் நின்றது. ஃப்ரிட்ஜிலும் அலமாரியிலும் அரிசிப் பானையிலும் மலையாளத்தில் பெயரெழுதி ஒட்டினோம். எனக்கு ஆபீஸ் மலையாளம் உண்டு. என் மனைவிக்குத் தெரிந்தது மீன்காரரிடமும் பஸ்ஸிலும் பேசுகிற மலையாளம். அதில் விலை கேட்கலாம், வழி கேட்கலாம். பிள்ளையைக் கொஞ்ச முடியாது. கொஞ்சம் தின்னு மக்களே, எனக்காக ஒரு வாய் என்று சொல்லி ஊட்டியவள், தட்டை முன்னால் வைத்து "கழிச்சோளூ", சாப்பிட்டுக்கொள், என்றாள், ஹோட்டலில் பரிமாறுகிறவர் மாதிரி. அவளுக்கே கேட்கச் சகிக்கவில்லை. அதன்பிறகு தட்டை வைத்துவிட்டுப் பேசாமல் நிற்பாள். ஆஸ்பத்திரியில் முடி எடுத்த தலையில் எண்ணெய் தடவும்போதும் பேசாமல் தடவுவாள். நானும் வாக்கியத்தை மனதுக்குள் சரிபார்த்துவிட்டுப் பேச ஆரம்பித்தேன். அதற்குள் பேசவேண்டிய நேரம் போயிருக்கும்.

சபையிலிருந்து பெண்கள் ஜெபம்பண்ண வந்தார்கள். எங்கள் சபையில் ஜெபம் தமிழில். நான் கேட்டிலேயே அவர்களை நிறுத்தி விஷயத்தைச் சொன்னேன். மனதுக்குள் ஜெபிக்க முடியுமா என்று கேட்டேன். அவர்களில் மூத்தவர், "ஆண்டவருக்குத் தமிழ் தெரியும் தம்பி" என்றார். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, "சரி, மெதுவாப் பண்ணுகோம்" என்றார். அவர்கள் கண்மூடி உதடு அசைய உட்கார்ந்திருந்ததை மகள் ஒவ்வொருவராகப் பார்த்தாள். அவளுக்கு வந்தது எல்லோருக்கும் வந்துவிட்டதோ என்று நினைத்தாளோ என்னவோ.

அட்டைகள் முன்னேறவில்லை. கோப்பையைக் காட்டினால் அவள் வெகுநேரம் முயன்று "வெள்ளம்" என்பாள், தண்ணீருக்கு மலையாளம். இல்லை, நன்றாகப் பார் என்று நான் சொல்வேன். நாற்காலியைக் காட்டினால் "கால்" என்பாள். இல்லை. இல்லை என்று எவ்வளவு மெதுவாகச் சொன்னாலும் அது இல்லைதான். எங்கள் முகம் விழுவதை அவள் பார்ப்பாள். சில வாரங்களில் அவள் அட்டையைக் கையில் வாங்கிக் கவிழ்த்து வைக்கக் கற்றுக்கொண்டாள். பயிற்சிக்காரப் பெண்ணிடமும் வாயை மூடிக்கொண்டாள். தப்பாகச் சொல்வது பரவாயில்லை, முயல்வதை நிறுத்திவிட்டால்தான் கஷ்டம், எப்படியாவது அவளை ஏதாவது சொல்லவையுங்கள் என்று அந்தப் பெண் என்னிடம் தனியாகச் சொன்னாள். எனக்கு வேறு பயமெல்லாம் போய் இந்த ஒரு பயம் மட்டும் நின்றது. உள்ளே எல்லாம் வைத்துக்கொண்டு என் பிள்ளை பேசாமலே இருந்துவிடப் போகிறாள்.

அவளோடு வேலைசெய்த பெண் ஒருத்தி பார்க்க வந்தாள். ஆபீஸ் மேசையில் இருந்த குடை, சாப்பாட்டு டப்பா, அச்செடுத்த தாள்கள் எல்லாவற்றையும் ஒரு பையில் கொண்டுவந்தாள். வேனில் கிடைத்த அவளுடைய போன் எங்களிடம் இருந்தது. சார்ஜ் போட்டுப் பார்த்தபோது கோட் நம்பர் கேட்டது. அதை யார் சொல்வது? அந்தப் பெண் போனை வாங்கிப் பார்த்துவிட்டு, கடையில் கொடுத்தால் திறந்துதருவார்கள், உள்ளே இருக்கிறது எல்லாம் போய்விடும், பிறகு புதுசு மாதிரி உபயோகிக்கலாம் என்றாள்.

"வேண்டா" என்று என் மனைவி மலையாளத்தில் சட்டென்று சொன்னாள். அந்தப் பெண் போனபின் அடுக்களையில் என்னிடம் குரலைத் தாழ்த்தித் தமிழில் சொன்னாள்: "உள்ள இருக்கது போவாம தொறக்கணும். அவளே தொறக்கட்டும்." போனைத் துண்டில் சுற்றித் தன் சேலைகளுக்கு இடையில் வைத்துவிட்டாள்.

அடுத்து வந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை. சபைக் கோயிலுக்குப் போய்வந்து சாப்பிட்டு முடித்திருந்தோம். அட்டை நேரம். மகள் சுவரில் சாய்ந்து பழைய இடத்தில் உட்கார்ந்திருந்தாள். அட்டைக் கட்டை எடுக்கப் போன எனக்கு அவளுடைய முகத்தைப் பார்த்ததும் மனது வரவில்லை. பக்கத்தில் அந்தத் தாள்கள் இருந்தன. ஒன்றை எடுத்தேன். பெரிய யோசனை எதுவும் எனக்கு இல்லை. அட்டையைத் தொடாமல் இருக்க ஏதாவது வேண்டியிருந்தது, அவ்வளவுதான். முதல் வாக்கியத்தை அவளைப்போல வாசித்தேன். இந்தச் சாதனத்தால் உங்கள் போனை எளிதில் திறக்கலாம். வாசித்தபின் வழக்கம்போல என் சர்க்கார் இங்கிலீஷையும் சொன்னேன். மேற்படி கைபேசியானது பூட்டப்பட்ட நிலைமையிலிருந்து.

அவளுடைய வாயோரம் அசைந்தது. சிரிப்பு என்று சொல்ல முடியாது. கெட்டுப்போனதை முகர்ந்த மாதிரி ஒரு சுளிப்பு. அந்தச் சுளிப்பை நான் எத்தனையோ சாயங்காலம் வாங்கியிருக்கிறேன். பிறகு அவள் தலையைத் திருப்பி அடுக்களை வாசலைப் பார்த்தாள். பார்த்தபடியே இருந்தாள்.

எதற்குப் பார்க்கிறாள் என்று எனக்கு உடனே பிடிபடவில்லை. உள்ளே பாத்திரம் கழுவுகிற சத்தம் நின்றுபோயிருந்தது. குழாய் மட்டும் ஓடியது. அதையும் நிறுத்துகிற சத்தம் கேட்டது.

"அப்படின்னா என்ன மக்களே?"

தமிழில்தான் கேட்டாள். சர்க்குலர் அமலில் இருக்கிறதே என்று ஒருகணம் நினைத்தேன். மகள் வாயைத் திறந்தாள். "த" என்றாள். மூடினாள். கண்ணை மூடி எதையோ நகர்த்துகிற மாதிரி நெற்றியைச் சுருக்கினாள். வெகுநேரம் ஆயிற்று.

"கதவு" என்றாள்.

இல்லை என்று சொல்லத்தான் என் நாக்கு எழுந்தது. அட்டைகள் என்னை அப்படிப் பழக்கியிருந்தன. அதற்குள் மனைவி ஈரக்கையோடு வாசலில் வந்து நின்றாள்.

"கதவா? பூட்டிக் கெடக்க கதவ தொறக்க மாதிரி, இல்லியா?"

மகள் தலையை ஆட்டினாள், வேகமாக, ஆமாம் ஆமாம் என்று.

நான் பேனாவை எடுத்து, தாளின் ஓரத்தில் கதவு என்று எழுதினேன். வாக்கியத்தை அதை வைத்து மாற்றினேன்: உங்கள் போன் மூடிய கதவாக இருக்கவேண்டியதில்லை. வாசித்துக் காட்டினேன். "பாஸ்" என்றேன். அவள் தாளை வாங்கித் தன் சொல் இருக்கிற இடத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். நான் எழுந்து பின்கட்டுக்குப் போய்க் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தேன். நான் வந்தபோது என் மனைவி அரிசிப் பானையிலிருந்த மலையாளக் காகிதத்தை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தாள்.

பிறகுதான் மெல்ல விளங்கியது. அட்டைக்கு ஒரே விடை. பக்கத்துச் சொல்லைத் தொட்டால் தப்பு. இந்தத் தாளிலோ அதே சொல் வந்தால்தான் தப்பு. பக்கத்துச் சொல், அதற்கும் பக்கத்துச் சொல், எது வந்தாலும் எடுத்துக்கொள்ளலாம். அவளுக்கு வந்ததெல்லாம் பக்கத்துச் சொற்கள்தான். சாஃப்ட்வேர் என்பதற்கு ஒரு நாள் "சாவி" என்றாள். இன்னொரு நாள் அதையே மலையாளத்தில் "தாக்கோல்" என்றாள். இரண்டும் பாஸ். பாஸ்வேர்டு என்ற இடத்தில் ரொம்பத் தவித்துக் "காது" என்றாள். எனக்கு ஒன்றும் புரியவில்லை. "காதுல சொல்லுகதா, ரெண்டாம் ஆளுக்குத் தெரியாம?" என்று மனைவி கேட்டதும் தரையைத் தட்டிச் சிரித்தாள். சத்தம்போட்டுச் சிரித்தது அதுதான் முதல் தடவை. நான் எழுதினேன், காதில் சொன்ன சொல் மறந்துபோனால் என்று. அந்த வெளிநாட்டுக்காரன் பார்த்திருந்தால் என்ன நினைத்திருப்பானோ. அவனுக்கு அனுப்ப நாங்கள் எழுதவில்லை.

எல்லா நாளும் வரவில்லை என்பதையும் சொல்லவேண்டும். சில நாள் ஒரு சொல்லும் வராமல் தாளைக் கசக்கி எறிவாள். சில நாள் வந்த சொல் ஒருவருக்கும் விளங்காது, அவளுக்கும் அதை விளக்க முடியாது, அழுவாள். ஆனால் மறுநாள் சாயங்காலம் காப்பி டம்ளரை வைத்துவிட்டு அவளாகவே வந்து சுவரில் சாய்ந்து உட்காருவாள். அவள் உட்காருகிறாளா என்று பார்க்கத்தான் நான் ஆபீஸிலிருந்து ஓடிவந்தேன்.

பயிற்சிக்காரப் பெண்ணிடம் இதைச் சொல்லப் பயமாக இருந்தது. மொழியை மாற்றிவிட்டோம், அட்டையை விட்டுவிட்டோம், திட்டுவாள் என்று நினைத்தேன். அவள் முழுவதும் கேட்டுவிட்டு, ஒரு மணி நேரம் என்றுதானே சொன்னேன், வீட்டில் தமிழே பேசாதீர்கள் என்று யார் சொன்னது என்று ஆச்சரியப்பட்டாள். நாங்கள் இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். பிறகு அவள் ஒரு தாளை வாங்கி ஒரு வாக்கியத்தைத் தானும் மாற்றிப் பார்த்தாள். என் மகள் அதைக் கேட்டு எனக்குக் காட்டுகிற சுளிப்பை அவளுக்கும் காட்டினாள். தோற்றுவிட்டேன் என்று அந்தப் பெண் கைகூப்பினாள். அடுத்த முறையிலிருந்து தாள்களையும் கொண்டுவரச் சொன்னாள்.

சொற்கள் இரண்டு இரண்டாகச் சேர ஆரம்பித்தபோது தாள்கள் முடிந்துகொண்டு வந்தன. கடைசித் தாளில் கடைசி வாக்கியம் அந்த எச்சரிக்கை. திறப்பதற்குமுன் பிரதி எடுத்து வைக்காவிட்டால் அனைத்தும் அழிந்துபோகும். அதை வாசிக்காமல் விட்டுவிடலாமா என்று எனக்கு இருந்தது. மகள் விரலை வைத்துக் காட்டினாள். வாசித்தேன். என் பங்குக்குக் கெடுத்தேன். மனைவி அன்றைக்கு அடுக்களையில் இல்லை, ஹாலில் உட்கார்ந்து பயறு உரித்துக்கொண்டிருந்தாள். அங்கிருந்தே கேட்டாள்.

"அப்படின்னா என்ன மக்களே?"

மகள் அம்மாவைப் பார்த்துச் சொன்னாள். ஒவ்வொரு சொல்லுக்கும் நடுவில் மூச்சு வாங்கினாள்.

"சாமானத்த... வெளிய... வை." கொஞ்சம் நின்று, "நாசம்" என்றாள்.

அம்மாவின் வாக்கியம். பயறு முறத்திலிருந்து உருண்டு போனதை யாரும் எடுக்கவில்லை. மகள் கையை நீட்டினாள். "போன்" என்றாள்.

மனைவி அலமாரியைத் திறந்து துண்டைப் பிரித்துக் கொண்டுவந்தாள். சார்ஜ் ஏறுகிறவரை மூன்று பேரும் அதைச் சுற்றி உட்கார்ந்திருந்தோம். திரை வெளிச்சம் போட்டுக் கோட் கேட்டது. தப்பாகப் போட்டால் அட்டை கவிழ்ந்த மாதிரி எல்லாம் மறுபடி கவிழ்ந்துவிடும் என்று எனக்குத் தோன்றியது. "இன்னைக்கு வேண்டாம் மக்களே" என்றேன். மனைவி என்னைப் பார்த்த பார்வையில் வாயை மூடிக்கொண்டேன்.

மகள் வலது கையில்தான் போனை வைத்திருந்தாள். நம்பரை யோசிக்கிற மாதிரி தெரியவில்லை. எதிர்ச்சுவரைப் பார்த்துக்கொண்டு கட்டைவிரலை விட்டுவிட்டாள். அது மெதுவாக, தயங்கி, ஒரு பட்டனிலிருந்து அடுத்த பட்டனுக்கு நகர்ந்தது. போன் திறந்தது.

உள்ளே எதுவும் போகவில்லை. எடுக்காத அழைப்புகள் என்று ஒரு பட்டியல் முதலில் வந்தது. அவள் கீழே தள்ளித் தள்ளிப் பார்த்தாள். அப்பா, அப்பா, அப்பா என்று ஒரே பெயர் போய்க்கொண்டே இருந்தது. அந்த நாளின் அழைப்புகள். மலையில் டவர் இல்லாமல் எங்கோ காத்திருந்து, அவள் இறங்கிவரும்போது வந்து சேர்ந்தவை. நான் அதைப் பார்க்க முடியாமல் முறத்திலிருந்து ஒரு பயறை எடுத்து உரித்தேன்.

"அப்பா" என்றாள். நிமிர்ந்தேன்.

"பயம்?"

"ஆமா மக்களே. பயந்துட்டேன்."

அவள் தலையை ஆட்டி மறுத்தாள். அதே சொல் வந்தால் சிவப்பு. "வேற" என்றாள்.

எனக்கு ஒரு சொல்லும் வரவில்லை. மேற்படியும் இதனாலும் எங்கே போயினவோ. வாயைத் திறந்தேன், காற்றுதான் வந்தது. அவளுக்கு ஆஸ்பத்திரியில் எப்படி இருந்திருக்கும் என்று அந்த நிமிஷம் கொஞ்சம் தெரிந்தது. மனைவி என் உதவிக்கு வந்தாள்: "அவருக்கு ஆதி பிடிச்சுப் போச்சு மக்களே. சோத்துக்கு முன்ன இருந்துட்டு சோறு உண்ணல்ல."

ஆதி என்றால் எங்கள் ஊரில் மனக்கலக்கம். மகள் அதையும் யோசித்தாள். ஏற்றுக்கொண்ட மாதிரி இல்லை. மறுபடி பட்டியலைப் பார்த்தாள். கட்டைவிரலால் கடைசிவரை தள்ளிப் போனாள். பிறகு என் முழங்காலில் கையை வைத்து, நான் வாசித்த வாக்கியத்தை மாற்றிக் கொடுக்கிறவளைப்போல, நிதானமாகச் சொன்னாள்.

"விளிச்சிட்டே... இருந்திய."

கூப்பிட்டுக்கொண்டே இருந்தீர்கள். எங்கள் ஊர்ப் பேச்சில், மரியாதையோடு, விகுதி தவறாமல்.

"அது பாஸ்" என்றாள் என் மனைவி. உருண்டுபோன பயற்றை ஒவ்வொன்றாகப் பொறுக்க ஆரம்பித்தாள்.